பெரணியை அடியிலிருந்து அறிவோம்: ஸ்போர் முதல் 40 கோடி ஆண்டு வரலாறு வரை ஒரு முழுமையான வழிகாட்டி

பெரணியை (ஃபெர்ன்) படிக்க ஆசைப்படுகிறவர்களில் பலர் இலையின் அழகில் தொடங்குகிறார்கள். அப்புறம் வாயில் நுழையாத குடும்பப் பெயர்களில் சிக்கிப் பாதியில் விட்டுவிடுகிறார்கள். விதை வைக்காத பெரணி இனம் பெருக்கத் தூவும் நுண்துகளான ஸ்போரிலிருந்து தொடங்கினால் இந்தச் சிக்கல் வராது என்பது என் உறுதியான எண்ணம். ஒரு செடி பெரணியா இல்லையா, எந்தக் குடும்பம், அதன் முன்னோர்கள் எப்போது பிரிந்தார்கள், இன்றுவரை எப்படித் தாக்குப்பிடித்தது என்ற எல்லாக் கேள்விகளும் அந்தத் தூசி போன்ற துகளிலும் அது தங்கியிருக்கும் பையிலும்தான் வந்து நிற்கின்றன. இந்த வழிகாட்டியும் அந்த வரிசையில்தான் போகிறது. தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் எளிதாகக் கண்ணில் படும் செடிகளையே முடிந்தவரை எடுத்துக்காட்டாக வைத்திருக்கிறேன்.

தேவையான பொருள்கள் கொஞ்சம்தான்: 10 மடங்கு பெரிதாக்கிக் காட்டும் கைலென்ஸ், வெள்ளைத் தாள், சின்னக் காகித உறைகள், மூடி போட்ட பிளாஸ்டிக் டப்பா. கைபேசி கேமராவில் மாட்டும் மேக்ரோ லென்ஸ் இருந்தால் இன்னும் நல்லது. காப்புக்காட்டில் அனுமதியில்லாமல் எதையும் பறிக்கக் கூடாது, அங்கே படம் எடுத்தால் போதும். பழகிக்கொள்ளப் பழைய கிணற்றுச் சுவரும் நர்சரியும் வீட்டுத் தொட்டியுமே தாராளம்.

படி 1: பெரணிதானா என்று உறுதிசெய்யுங்கள்

முதலில் இளம் இலையைத் தேடுங்கள். பெரும்பாலான பெரணிகளில் அது வயலின் தலைப்பகுதி மாதிரி சுருண்டிருந்து மெல்ல மெல்ல விரியும். அடுத்து, பூவோ காயோ விதையோ இருக்கிறதா என்று பாருங்கள். ஒன்று இருந்தாலும் அது பெரணி இல்லை. நர்சரிகளில் 'அஸ்பராகஸ் ஃபெர்ன்' என்று விற்கும் செடி பூத்துச் சின்னச் சிவப்புப் பழம் வைக்கும் செடி. சைகஸின் இளம் இலைகளிலும் சுருள் உண்டு, ஆனால் அது விதைத்தாவரம். ஆகவே சுருளை மட்டும் நம்பி முடிவெடுக்காதீர்கள்.

இன்னொரு விஷயத்தையும் இங்கேயே மனதில் வாங்கிக்கொள்ள வேண்டும். எத்தனை சிறகுகளாகப் பிரிந்திருந்தாலும், நாம் பார்க்கும் அந்தப் பச்சை விரிப்பு முழுவதும் ஒரே ஓர் இலை. தண்டு பெரும்பாலும் மண்ணுக்குள்ளோ பாறை மேலோ கிடைமட்டமாக ஓடும் மட்டநிலத்தண்டாக இருக்கும். கொல்லிமலையிலும் ஏற்காட்டிலும் சூப்புக்கு விற்கும் முடவாட்டுக்கால் கிழங்கு அப்படிப்பட்ட தண்டுதான். டிரைனேரியா குவெர்சிஃபோலியா என்ற பெரணியின் அந்தத் தண்டின் மேல் அடர்ந்திருக்கும் பழுப்பு நிறச் செதில்களை ஆட்டுக்கால் மயிர் என்று தோன்றும்படி பார்த்திருப்பீர்கள். இந்தச் செதில்கள் இனம் பிரிக்க மிகவும் உதவும்.

தோற்றத்தை வைத்துப் பெரணி என்று யாரும் சொல்லாத பெரணிகளும் உண்டு. வயல் வரப்பிலும் குளக்கரையிலும் நான்கு இலைத்துண்டுகளோடு நிற்கும் ஆரைக்கீரை ஒரு பெரணி. மாட்டுத் தீவனத்துக்குத் தொட்டியில் வளர்க்கும் அசோலாவும் பெரணிதான்.

படி 2: இலையைத் திருப்பிப் பாருங்கள்

அதிக நேரம் செலவிட வேண்டிய படி இது. முதிர்ந்த இலையின் அடிப்பக்கத்தில் பழுப்பாகத் தெரியும் புள்ளிகளையும் கோடுகளையும் நோய் என்று நினைத்து மருந்தடிக்கிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அவை ஸ்போர் பைகளின் தொகுப்புகள். ஒரு தொகுப்புக்கு சோரஸ் என்று பெயர். அதை மூடியிருக்கும் மெல்லிய சவ்வு இண்டூசியம். சோரஸின் வடிவம், அது இலையில் இருக்கும் இடம், மூடி உண்டா இல்லையா என்ற மூன்றையும் குறித்துக்கொண்டால் பாதி அடையாளம் கிடைத்த மாதிரி.

பழைய செங்கல் சுவர்களிலும் கிணற்று உறைகளிலும் சுண்ணாம்பை நாடி வளரும் டெரிஸ் விட்டேட்டாவை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் சோரஸ் இலைத்துண்டின் விளிம்போடு நீண்ட கோடாக ஓடும், விளிம்பே மடிந்து மூடியாகிவிடும். அடியாண்டம் என்ற பெரணியிலும் விளிம்புதான் மடிகிறது, ஆனால் துண்டு துண்டாக மடியும். ஸ்போர் பைகள் அந்த மடிப்பின் மேலேயே ஒட்டியிருப்பது அதன் தனி அடையாளம். தொட்டிகளில் எங்கும் காணும் நெஃப்ரோலெபிஸில் ஒவ்வொரு சோரஸுக்கும் சிறுநீரக வடிவ மூடி உண்டு. அஸ்ப்ளேனியத்தில் நரம்பின் ஒரு பக்கமாக நீண்ட கோடுகள் தெரியும். முடவாட்டுக்காலில் சின்ன வட்டங்கள், மூடியே கிடையாது. அந்தச் செடியில் இரண்டு வகை இலைகள் இருப்பதையும் கவனியுங்கள். அடியில் ஓக் இலை வடிவில் காய்ந்து பழுப்பாகிக் கிண்ணம் போல நிற்பவை சருகைச் சேர்த்துத் தனக்கான உரத்தைத் தானே உண்டாக்கிக்கொள்ளும் இலைகள். மேலே பச்சையாக நீண்டு நிற்பவைதான் ஸ்போர் தருபவை.

இப்போது கைலென்ஸில் ஒரே ஒரு ஸ்போர் பையை உற்றுப் பாருங்கள். நீண்ட காம்பின் மேல் ஓர் உருண்டை, அதன் முதுகில் தடித்த செல்களாலான ஒரு வளையம். இந்த வளையம் செய்யும் வேலையை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காது. காற்று உலர்ந்ததும் வளையச் செல்களிலுள்ள நீர் ஆவியாகிறது. மீதி நீர் செல்சுவர்களை உள்ளே இழுக்க, வளையம் பின்புறமாக வளைந்து பை கிழிந்து திறக்கிறது. இழுவிசை ஓர் எல்லையைத் தாண்டியதும் செல்களுக்குள் சட்டென்று குமிழிகள் தோன்றுகின்றன, இழுவை அறுகிறது, வளையம் பழைய நிலைக்குத் தெறிக்கிறது. ஸ்போர்கள் நொடிக்கு 10 மீட்டர் வரையிலான வேகத்தில் எறியப்படுகின்றன. பழங்காலக் கவண்பொறி எறிந்த பிறகு அதன் கையை நிறுத்த ஒரு குறுக்குக்கட்டை வேண்டும். இங்கே அப்படி எதுவும் இல்லாமல், செல்சுவருக்குள் நீர் மெதுவாக ஊடுருவும் தாமதமே அந்த வேலையைச் செய்கிறது என்று 2012இல் பிரெஞ்சு ஆய்வாளர்கள் அதிவேகக் கேமராவில் பதிவுசெய்து காட்டினார்கள். முதிர்ந்த இலைத்துண்டை மேசை விளக்கின் வெப்பத்தில் வைத்து லென்ஸில் பார்த்தால் பைகள் தெறிப்பதை நீங்களே காணலாம்.

இந்த வளையமுள்ள, ஒரே செல் தடிப்புச் சுவர் கொண்ட பை உள்ளவற்றை லெப்டோஸ்போராஞ்சியப் பெரணிகள் என்பார்கள். ஒரு பையில் வழக்கமாக 64 ஸ்போர்கள். பாலினக் கலப்பே இல்லாமல் பெருகும் இனங்களில் பெரும்பாலும் 32 மட்டும் இருக்கும். எண்ணிப் பார்த்தாலே அந்தச் செடியின் இனப்பெருக்க முறையை ஓரளவு ஊகித்துவிடலாம்.

படி 3: ஸ்போரைச் சேகரியுங்கள்

சோரஸ் பச்சையாக இருந்தால் பொறுத்திருங்கள். பளபளப்பான பழுப்பு அல்லது கருமை வந்ததும் ஓர் இலைத்துண்டை வெட்டி, அடிப்பக்கம் கீழே இருக்கும்படி வெள்ளைத் தாளில் வைத்து, மேலே இன்னொரு தாளை மூடிக் காற்றாடி ஓடாத அறையில் விடுங்கள். ஓரிரு நாளில் இலையின் வடிவம் தூளாகத் தாளில் பதிந்திருக்கும். தாளை லேசாகச் சாய்த்துத் தட்டினால் காலிப் பைகளும் சருகும் முதலில் உருண்டுவிடும், நுண்ணிய ஸ்போர் தாளிலேயே ஒட்டிக்கொண்டு நிற்கும். அதை உறையில் போட்டுச் செடியின் பெயர், இடம், நாள் மூன்றையும் எழுதுங்கள். பச்சை நிற ஸ்போர் உள்ள இனங்களை, உதாரணமாக ஆஸ்முண்டாவை, உடனே விதைக்க வேண்டும். சீக்கிரம் உயிர்ப்பை இழந்துவிடும். பழுப்பு ஸ்போர்கள் மாதக்கணக்கில் தாங்கும்.

படி 4: விதைத்து இரண்டாம் வாழ்க்கையைப் பாருங்கள்

பெரணிக்கு இரண்டு உடல்கள். நாம் அறிந்த பெரிய செடி ஸ்போரைத் தருகிறது. ஸ்போர் முளைத்து நேரடியாக இன்னொரு பெரிய செடி ஆவதில்லை, நகத்தளவு கூட இல்லாத, வேரும் தண்டும் இல்லாத ஒரு பச்சைத் தகடாகிறது. அதுதான் புரோதாலஸ். அதில்தான் ஆண், பெண் உறுப்புகள் தோன்றுகின்றன. முதல் உடலில் இரண்டு தொகுதிக் குரோமோசோம்கள், இந்தத் தகட்டில் ஒரே தொகுதி. மாஸ் வகைப் பாசிகளிலிருந்து ஊசியிலை மரங்கள் வரை இந்தச் சந்ததி மாற்றம் ஒரே அடிப்படையில் நடக்கிறது என்பதை 1851இல் ஜெர்மன் தாவரவியலாளர் வில்ஹெல்ம் ஹோஃப்மைஸ்டர் எடுத்துக் காட்டினார். பள்ளிக்கூடத்தில் படமாக வரைந்து மறந்துபோன இந்தச் சுழற்சியை ஒருமுறை நேரில் பார்த்துவிட்டால் பிறகு மறக்காது.

செய்முறை எளிது. தென்னைநார்க் கழிவை டப்பாவில் இரண்டு விரற்கடை உயரத்துக்குப் பரப்பிக் கொதிநீர் ஊற்றுங்கள். பூஞ்சையும் மற்ற பாசி ஸ்போர்களும் சாக வேண்டும், இதில் சோம்பல்பட்டால் மொத்தமும் பாசியாகிவிடும். ஆறியதும் ஸ்போரைத் தாளிலிருந்து மிக லேசாகத் தூவுங்கள். மண் மூடக் கூடாது, முளைக்க ஒளி வேண்டும். மூடியைப் போட்டு நேர் வெயில் படாத வெளிச்சமான சன்னலோரம் வையுங்கள். சில வாரங்களில் பச்சைப் படலம் தெரியும், இரண்டு மூன்று மாதங்களில் இதய வடிவத் தகடுகள் உருவாகும்.

ஒரு தகட்டைத் திருப்பி லென்ஸில் பாருங்கள். இதயத்தின் பிளவுக்குக் கீழே தடித்த நடுப்பகுதியில் பெண் உறுப்புகள் இருக்கும். கூர்முனைப் பக்கம், வேர்போன்ற இழைகளுக்கு நடுவே ஆண் உறுப்புகள். ஆண் செல்கள் சுருள் வடிவில் பல கசையிழைகளோடு நீந்துபவை. அதனால்தான் இந்தக் கட்டத்தில் நீர் கட்டாயம். கொதித்து ஆறிய நீரைத் தகடுகள் நனையும் அளவுக்கு வாரம் ஒருமுறை தெளியுங்கள். பூச்சட்டியில் எல்லாம் சரியாக வைத்தும் தகடு தகடாகவே நிற்கிறது என்று குறைப்படுகிறவர்கள் பெரும்பாலும் இந்தத் தெளிப்பைத்தான் விட்டிருப்பார்கள்.

பல இனங்களில் முதலில் வளர்ந்த தகடு ஆந்தெரிடியோஜன் என்ற வேதிப்பொருளைச் சுற்றுப்புறத்தில் கசியவிடுகிறது. அதை உணரும் பின்தங்கிய தகடுகள் சிறிதாகவே நின்று ஆண்களாகிவிடுகின்றன. ஒரே தகட்டுக்குள் கலப்பு நடப்பதைக் குறைத்து அயல்கலப்புக்கு வழிசெய்யும் ஏற்பாடு இது. நெருக்கமாகத் தூவினால் ஆண் தகடுகளே மிகுந்துவிடும் என்பதற்கும் இதுவே காரணம். ஆகவே தூவும்போது கை அடக்கமாக இருக்கட்டும்.

கருவுற்றதும் தகட்டின் பிளவிலிருந்து முதல் இலை எட்டிப்பார்க்கும். அது பெரிய இலை மாதிரி இருக்காது, பெரும்பாலும் எளிய விசிறி வடிவம். மூன்று நான்கு இலை வந்ததும் தனித்தொட்டிக்கு மாற்றி, மூடியைச் சில வாரங்களில் சிறிது சிறிதாகத் திறந்து வெளிக்காற்றுக்குப் பழக்குங்கள்.

படி 5: உறவினர்களைப் பிரித்து அடுக்குங்கள்

பழைய பாடப்புத்தகங்களில் பெரணி, குதிரைவால், சைலோட்டம், லைக்கோபோடியம், செலாஜினெல்லா எல்லாம் டெரிடோஃபைட்டுகள் என்ற ஒரே கூடையில் இருக்கும். விதையில்லாத கடத்துத்திசுத் தாவரங்கள் என்ற பொது அடையாளத்துக்கு அந்தப் பெயர் இன்றும் வசதியானதே, ஆனால் அது ஒரே குடும்பமரக் கிளை இல்லை. கேத்லீன் பிரையரும் அவரது குழுவினரும் 2001இல் வெளியிட்ட மரபணு ஆய்வு படத்தை மாற்றியது. குதிரைவாலும் சைலோட்டமும் பெரணிகளுக்குள்ளேயே வருகின்றன. லைக்கோபோடியமும் செலாஜினெல்லாவும் அடங்கிய லைக்கோஃபைட்டுகள் தனிக் கிளை. பெரணிகளுக்கு லைக்கோஃபைட்டுகளைவிட மாமரமும் நெல்லும்தான் நெருங்கிய சொந்தம்!

2016இல் உலக வல்லுநர்கள் கூடி உருவாக்கிய வகைப்பாட்டில் மொத்தம் 11,916 இனங்கள், 51 குடும்பங்கள். அதில் ஏறத்தாழ 10,500 இனங்கள் பெரணிகள், 1,300 சொச்சம் லைக்கோஃபைட்டுகள். களத்தில் பிரித்துப் பார்க்க நான் பரிந்துரைக்கும் வழி, முதலில் இலை நரம்பைப் பார்ப்பது. கிளைக்காத ஒற்றை நரம்போடு ஊசி அல்லது செதில் போன்ற சிறு இலைகள் இருந்தால் லைக்கோஃபைட்டு என்று தொடங்குங்கள்.

அதில் மூன்று கூட்டம். கொடைக்கானல், நீலகிரி சாலைவெட்டுகளில் சின்னக் கிறிஸ்துமஸ் மரம் போல நிற்கும் லைக்கோபோடியெல்லா செர்னுவா முதல் கூட்டம். ஈரப் பாறைகளில் படர்ந்து பாசி என்று ஏமாற்றும் செலாஜினெல்லா இரண்டாவது. இதில் பெரிய ஸ்போர் பெண்ணாகவும் சிறிய ஸ்போர் ஆணாகவும் முளைக்கும். மூன்றாவது ஐசோயிட்டஸ். மழைக்காலக் குட்டைகளில் புல்கற்றை போலத் தெரியும், இலையின் அடிக்குழியில் ஸ்போர் பை ஒளிந்திருக்கும். அதில் ஓர் இனத்துக்குச் சோழமண்டலக் கடற்கரையின் பெயரால் ஐசோயிட்டஸ் கோரமண்டலினா என்றே பெயர்.

பெரணிகளுக்குள் குதிரைவாலை அடையாளம் காண்பது எளிது. மலை ஓடைக் கரைகளில் கணுக்கணுவாக, சிலிக்காவால் சொரசொரப்பாக நிற்கும். அதன் ஸ்போரில் நான்கு நாடாக்கள் ஒட்டியிருக்கும். ஈரம் ஏற இறங்க அவை சுருண்டு விரிந்து ஸ்போரை நகர்த்தும், சில சமயம் துள்ளவும் வைக்கும். கண்ணாடிச் சில்லில் கொட்டி லேசாக மூச்சுவிட்டுப் பாருங்கள். சைலோட்டம் வேரும் உண்மையான இலையும் இல்லாமல் கிளைத்த பச்சைக் குச்சிகளாக மரப்பொந்துகளில் தொங்கும். அதற்கு நெருங்கியது ஓஃபியோகுளோசம். ஓஃபியோகுளோசம் ரெட்டிகுலேட்டத்தின் ஒரு செல்லில் 1,200க்கும் மேற்பட்ட குரோமோசோம்கள் எண்ணப்பட்டிருக்கின்றன, நமக்கு 46. சைலோட்டத்தின் உறவான, நியூ கலிடோனியாவில் வளரும் மெசிப்டெரிஸ் இனம் ஒன்றில் 16,000 கோடி மரபெழுத்துகள் இருப்பதை 2024இல் அளந்தார்கள். மனித மரபணுத்தொகுதியைப் போல 50 மடங்கு, அறிந்த உயிர்களிலேயே மிகப் பெரியது. ஏன் இத்தனை சேர்ந்தது என்பதற்கு அடிக்கடி நடந்த குரோமோசோம் இரட்டிப்பும் கழிக்கப்படாத மீள்பிரதிகளும் முக்கியக் காரணங்கள்.

மற்றவை எல்லாம் பெரும்பாலும் வளையப் பை கொண்ட பெரணிகள். மரப்பெரணிகளும் இதில்தான் சேரும். அவற்றின் தண்டில் நிஜ மரக்கட்டை கிடையாது, அடியில் அடர்ந்து இறங்கும் வேர்ப்போர்வைதான் தாங்குகிறது. சயாதியா என்ற மரப்பெரணி இனங்களின் பன்னாட்டு வணிகம், அருகிவரும் உயிரினங்களைக் காக்கும் சைட்டீஸ் ஒப்பந்தத்தின் கட்டுப்பாட்டில் இருக்கிறது. ஆகவே ஆர்க்கிட் தொட்டிக்கு மரப்பெரணி நார் வாங்கும் முன் அது எங்கிருந்து வந்தது என்று கேளுங்கள்.

படி 6: காலத்தில் வைத்துப் பாருங்கள்

லைக்கோஃபைட்டுகளின் கிளை பிரிந்து 40 கோடி ஆண்டுகளுக்கு மேலாகிறது. ஏறத்தாழ 36 முதல் 30 கோடி ஆண்டுகளுக்கு முன், கார்போனிஃபெரஸ் காலச் சதுப்புகளில் அந்தக் கிளையின் லெபிடோடெண்ட்ரான் 30 மீட்டருக்கு மேல் வளர்ந்து நின்றது. குதிரைவாலின் உறவான கலமைட்டஸும் மரமாக இருந்தது. ஐரோப்பா, வட அமெரிக்கா நிலக்கரியின் பெரும்பகுதி அந்தக் காடுகளிலிருந்து வந்தது. இன்று உயிரோடிருப்பவற்றில் லெபிடோடெண்ட்ரானுக்கு மிக நெருங்கியது, போன படியில் பார்த்த குட்டைச்செடி ஐசோயிட்டஸ்தான்.

இங்கே ஒரு தவறான எண்ணத்தையும் விலக்க வேண்டும். இந்தியாவின் கோண்ட்வானா நிலக்கரி பெரும்பாலும் பெரணியால் ஆனதல்ல. அது அடுத்த பெர்மியன் காலத்துக் குளோசாப்டெரிஸ் காடுகளின் மிச்சம், குளோசாப்டெரிஸ் விதைவைத்த மரம். நெய்வேலிப் பழுப்பு நிலக்கரி அதைவிட மிக இளையது.

பெரணிகளின் உடலமைப்பு எவ்வளவு நிலையானது என்பதற்கு ஸ்வீடனில் கிடைத்த ஒரு புதைபடிவம் சான்று. 18 கோடி ஆண்டுகளுக்கு முன் எரிமலைச் சேற்றில் சட்டென்று மூழ்கிய ஆஸ்முண்டா குடும்பத் தண்டில் செல்கருக்களும் பிரியும் குரோமோசோம்களும் கூடப் படிந்திருந்தன. கருவின் அளவு இன்றைய ஆஸ்முண்டாவோடு ஒத்துப்போனது. மேற்குத்தொடர்ச்சி மலையின் ஓடைக்கரைகளில் நிற்கும் ஆஸ்முண்டாவைப் பார்க்கும்போது இந்தச் செய்தி எனக்குத் தவறாமல் நினைவுக்கு வரும்.

6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் விண்கல் மோதிய அழிவுக்குப் பிறகு பல இடங்களின் பாறையடுக்குகளில் பெரணி ஸ்போர்கள் திடீரென்று மிகுகின்றன. வெறுமையான நிலத்துக்குக் காற்றிலேறி முதலில் வந்து சேர்ந்தவை அவைதான்.

படி 7: பழமை என்ற எண்ணத்தைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்

பெரணிகளைப் புராதனச் செடிகள் என்று சொல்வது பாதி உண்மைதான். இன்றுள்ள இனங்களில் ஏறத்தாழ 80 விழுக்காடு பாலிபோடியேல்ஸ் வரிசையைச் சேர்ந்தவை. அவை பெருகியது பூக்கும் மரங்கள் காடுகளை மூடிய பிறகுதான். நிழலில் வாழ அவற்றுக்கு உதவியவற்றுள் நியோகுரோம் என்ற ஒளியுணரிப் புரதமும் ஒன்று. மங்கிய ஒளியில் சிவப்பையும் நீலத்தையும் சேர்த்து உணர இது உதவுகிறது. இதன் மரபணு கொம்புப்பாசிகளிடமிருந்து பெரணிகளுக்குத் தாவி வந்தது என்று 2014இல் தெரியவந்தது. பெற்றோர் வழியில் அல்லாமல், தொலைதூர உறவிடமிருந்து வந்த சொத்து.

ஆரம்பநிலைச் செடி, எளிய செடி என்ற சொற்களை அதனால் நான் தவிர்க்கிறேன். அசோலாவின் இலைக்குழியில் நைட்ரஜனை நிலைநிறுத்தும் நீலப்பசும்பாசி வாழ்கிறது, அது தலைமுறை தலைமுறையாகத் தாய்ச்செடி வழியே கைமாறுகிறது. பாறை இடுக்கில் வளரும் மயில்சிகை சருகாகக் காய்ந்தும் மழை பட்டதும் பசுமையாகிறது. டெரிஸ் விட்டேட்டா மண்ணிலுள்ள ஆர்சனிக்கை உறிஞ்சி இலையில் குவிக்கும் என்று 2001இல் கண்டார்கள். லக்னோவின் தேசியத் தாவரவியல் ஆராய்ச்சி நிறுவனம் டெக்டேரியா மேக்ரோடோன்டா என்ற பெரணியின் புரதத்தைக் கொண்டு வெள்ளை ஈயைத் தாங்கும் பருத்தியை 2016இல் உருவாக்கிக் காட்டியது.

இதே திறன்கள் இடம் மாறினால் தொல்லையும் தரும். பிரேசிலிலிருந்து வந்த சால்வினியா மோலெஸ்டா 1939இல் இலங்கைக்குள் நுழைந்து நீர்நிலைகளை மூடியது. அது ஸ்போரால் பெருகாத மலட்டுச் செடி, உடைந்த ஒரு துண்டே போதும். மீன்தொட்டிச் செடிகளை ஒருபோதும் குளத்தில் கொட்டாதீர்கள்.

படி 8: பெயர் தேடும்போது

தெரிந்தவரிடமோ தாவரவியல் துறையிடமோ படம் காட்டிப் பெயர் கேட்பதானால் இலையின் மேற்பக்கப் படம் ஒன்று போதாது. முழுச்செடி, இலையின் அடிப்பக்கம், ஒரு சோரஸின் நெருக்கப் படம், இலைக்காம்பின் அடியிலுள்ள செதில்கள், நரம்புகள் தெரியும்படி வெளிச்சத்துக்கு எதிரே பிடித்த இலைத்துண்டு என்று எடுங்கள். செடி மண்ணிலா, பாறையிலா, மரத்திலா, எந்த உயரத்தில் என்பதையும் எழுதுங்கள். சோரஸ் இல்லாத இளஞ்செடிக்கு வல்லுநர்களே தயங்குவார்கள். பெயர் கிடைக்கும் வரை உண்ணக்கூடியதா என்ற பேச்சுக்கே போகாதீர்கள். மலைப் புல்வெளிகளில் பரவும் பிராக்கன் பெரணியில் புற்றுநோய் உண்டாக்கும் டாக்கிலோசைட் இருக்கிறது.

ஊட்டி அரசு தாவரவியல் பூங்காவின் பெரணி இல்லத்திலும் பேராதனைத் தாவரவியல் பூங்காவிலும் பல இனங்களை அடுத்தடுத்து ஒப்பிட்டுப் பழகலாம். கொல்லிமலைக்குப் போனால் சந்தையில் கிழங்கு பார்ப்பதோடு நிற்காமல், பாறையில் வேரோடி நிற்கும் செடியையும் தேடிப் பாருங்கள். தண்டை முழுவதும் பெயர்த்தால் அந்த இடத்தில் அது மறுபடி வர ஸ்போர், தகடு, நீர்த்துளி என்று படி 4 முழுவதும் பாறை மேல் நடந்தாக வேண்டும். நுனித்தண்டையும் ஸ்போர் முதிர்ந்த இலைகளையும் விட்டு எடுக்கச் சொல்லி, அப்படி எடுப்பவரிடமே வாங்குங்கள்.